மூன்றாம் நாள், பிற்பகல்

லேக்சைட் நிலையத்திலிருந்து
ஆறு நிமிட நடையில் இருக்கிறோம்.
பதினோராம் மாடி.
சமையலறைச் சன்னலில் கழுத்தைச் சற்றே ஒடித்துப் பார்த்தால்
ஏரியின் ஒரு துண்டு தெரியும்.
இருந்தும்
ஏரிக்கரை நகரமொன்றுக்குப் போவதற்காக
இரண்டு வருடமாய்க் காசு சேர்க்கிறோம்.

கோடை வேண்டுமாம் தாரகாவுக்கு.
"அப்போ இங்கே இருப்பதற்குப் பெயர் என்ன?" என்றேன்.
"இது வெயில், அப்பா.
வந்துவிட்டுப் போனால்தான் கோடை."

மேசையில் மடிக்கணினி. ஏழு நாள், ஏழு பத்தி.
இடங்களை எழுதுவதற்கு முன்பே
எங்கே என்ன சாப்பிடலாம் என்று நிரப்புகிறாள்.
லூசர்ன் நகரத்துக் கடைகளில்
பச்சை இலை போட்டவை மட்டுமே
எங்கள் வரைபடத்தில் இருக்கின்றன.
மரப்பாலம், தேவாலயம் எல்லாம்
ஒரு சாப்பாட்டுக்கும் அடுத்த சாப்பாட்டுக்கும் இடையே
வழியில் வந்தால் பார்த்துக்கொள்வோம்.

பதின்மூன்று வயதில், கிராஞ்சி ஆட்டுப்பண்ணைக்குப்
பள்ளியிலிருந்து போய்வந்த மாலை
தயிர்க் கிண்ணத்தை என் பக்கம் தள்ளினாள்.
ஒன்றும் சொல்லவில்லை.
அடுத்த வாரம் நெய். அதற்கும் பிறகு தேன்.
சைவம் எனக்குத் தெரியும்:
வெள்ளிக்கிழமை, டேங்க் ரோடு கோயில், மாலைவரை பொறுமை.
நனிசைவம் என்று அதற்கும் மேலே ஒரு மாடி இருப்பதை
மகள்தான் மின்தூக்கியில் ஏற்றிக் காட்டினாள்.
அரசி கூடவே போய்விட்டாள்.
நான் பாதியில் இறங்கிக்கொண்டேன்.

போகிற நாடோ பாலில் மிதக்கிற நாடு,
மாட்டுக்கு மணி கட்டி ஊர்வலம் விடுகிற நாடு.
"வேறு ஏரியே கிடைக்கவில்லையா உனக்கு?"
"மாட்டைப் பார்க்கலாமே அம்மா.
பார்ப்பதை யார் வேண்டாமென்றது?"

ஜெர்மன் மொழியில் ஓர் அட்டை தயார்:
பால் வேண்டாம், வெண்ணெய் வேண்டாம், முட்டை வேண்டாம்,
தேனும் வேண்டாம், மிக்க நன்றி.
இரவில் எங்களுக்கு ஒத்திகை.
என் வாயில் அது
தொண்டை கட்டியவன் சண்டைக்குப் போவதுபோல் வருகிறது.

அரசியின் பட்டியல்
மின்கட்டண உறையின் பின்புறத்தில்:
குட்டி ரைஸ் குக்கர், அந்த நாட்டு பிளக்,
பெலாச்சான் போடாத சம்பால் இரண்டு போத்தல்,
தேக்காவில் அரைத்த பருப்புப்பொடி,
தேங்காய்ப்பால் தூள் மூன்று பொட்டலம்.
"விமான நிலையத்தில் அந்த வெள்ளைத் தூளை
என்னவென்று கேட்டால்?"
"பாலென்று சொல்வேன்."
"ஐயோ அம்மா, அதை மட்டும் சொல்லாதே!"

நான் கணக்குப் பார்க்கிறவன்.
ஒரு தட்டுக் கொண்டைக்கடலைக்கும் நாலு இலைக்கும்
முப்பத்தெட்டு வெள்ளி.
வாய்விட்டுப் படித்தேன், யாரும் திரும்பவில்லை.
சரி, எனக்கென்று ஒரு கட்டம் கொடுங்கள் என்றேன்.
மூன்றாம் நாள், பிற்பகல். 'சும்மா நடத்தல்.'
அந்த இரண்டு சொல்லுக்குள்
ஒரு சந்துக்கடையை ஒளித்து வைத்திருந்தேன்.
மர மேசை,
உருகி நூல்நூலாய் இழுபடும் பாலாடைக்கட்டி.

துவாஸ் கிடங்கில் இரவு வேலை முடிந்து
தினமும் கீழ்த்தளக் காப்பிக்கடையில்
ஒரு தே தாரிக் குடித்துவிட்டு
புதினா மிட்டாய் மென்றபடி மேலே வருகிறவன்தானே நான்.

நேற்றுக் காலை பார்த்தேன்.
கட்டத்தைத் திருத்தியிருந்தாள்:
'அப்பா, பாலாடைக்கட்டி. இரண்டிலிருந்து நாலுவரை.'
கடையின் பெயர். பேருந்து எண்.
கீழே சின்ன எழுத்தில்,
'அந்தப் புதினா மிட்டாயில் ஜெலட்டின் இருக்கிறது.
ஒருநாளாவது உறையைப் படித்துப் பார்.'

ஏழாம் நாளுக்கு அவள் எழுதியிருப்பது
'ஏரி' மட்டும்.

இன்று காப்பிக்கடையில் வழக்கம்போல் கை தூக்கினேன்.
'தே ஓ' என்று சொல்ல வாய் திறப்பதற்குள்
கடைக்காரர் பால் டின்னைக் கவிழ்த்துவிட்டார்.
குடித்தேன். நன்றாகத்தான் இருந்தது.
மிட்டாய் போடாமல்
மேலே போனேன்.